கடற்பஞ்சின் மேற்பரப்புக் கலங்களைத் தமிழில் எப்படிச் சொல்வது? மேற்றோலா, தட்டைக்கலமா, பினக்கோசைற்றா?

கனகராயன்

விலங்கியல் படிக்கும் பிள்ளைகளுக்கென்று கலைச்சொற் தாள் ஒன்று ஆயத்தமாகிறது. பொரிபெரா (கடற்பஞ்சுக் கணம்) பகுதியில் ஒரு சொல் இழுபடுகிறது. கடற்பஞ்சின் உடலை வெளியே மூடியிருக்கும் பினக்கோசைற்றுகளுக்குக் கையில் உள்ள குறிப்புகளில் மூன்று பெயர்கள் இருக்கின்றன: 'மேற்றோற் கலம்', 'புறப்படைக் கலம்', 'தட்டைக்கலம்'. மூன்றும் ஒரே பொருளைத் தரும் சொற்கள் அல்ல. மேற்றோல் என்றால் கீழே வேறு தோற்படை இருப்பதாகப் பொருள்படும். புறப்படை என்றால் முளையப் படை என்று பிள்ளைகள் எடுப்பார்கள். தட்டை என்பது வடிவத்தை மட்டும் சொல்கிறது.

இரண்டு விடயம் தெளிவாக வேண்டும். ஒன்று, இந்தக் கலங்களின் வகைகள் எவை, ஒவ்வொன்றும் எங்கே இருக்கிறது. மற்றது, ஒரு பாடசாலை ஆய்வுகூடத்தில் இவற்றைக் கண்ணால் காட்ட வழி உண்டா. படத்தை மட்டும் பார்த்துப் பெயர் குறிக்கும் பிள்ளைக்கு எந்தச் சொல் கொடுத்தாலும் ஒன்றுதான்.

முருங்கன் ரீச்சர்

வகைகளை முதலில் வைப்போம். பெயர் பிறகு தானாக வரும்.

பினக்கோசைற்று என்பது கடற்பஞ்சின் உடலுக்கும் நீருக்கும் இடையே எல்லையாக நிற்கும் கலம். எப்போதும் ஒற்றைக்கலப் படையாகவே இருக்கும். அந்தப் படையின் பெயர் பினக்கோடேர்ம். இருக்கும் இடத்தை வைத்து மூன்றாகப் பிரிக்கிறோம். வெளிப்பரப்பில் இருப்பது எக்சோபினக்கோசைற்று. உள்ளே ஓடும் கால்வாய்களின் சுவரில் இருப்பது எண்டோபினக்கோசைற்று. கல்லிலோ மரத்திலோ ஒட்டியிருக்கும் அடிப்பக்கத்தில் இருப்பது பேசோபினக்கோசைற்று. நடுவிலுள்ளதை மறுபடியும் இரண்டாகப் பிரிப்பார்கள்: நீர் உள்ளே வரும் கால்வாயில் புரோசோ, நீர் வெளியே போகும் கால்வாயில் அப்போ. 1997 இல் வெளிவந்த கடற்பஞ்சு உருவவியல் சொற்றொகுதி இந்தச் சொற்களை ஒழுங்குபடுத்தித் தருகிறது. கலைச்சொற் தாளுக்கு அதை அடிப்படையாக எடுப்பது பாதுகாப்பு.

பிள்ளைகள் 'வெளிப்பரப்புக் கலம் = பினக்கோசைற்று' என்று பாடமாக்குவதில்தான் பிழை தொடங்குகிறது. உள்ளே கால்வாய்ச் சுவரிலும் அதே குடும்பக் கலங்கள்தான். கால்வாய்கள் கொவனோசைற்று (நீரோட்டத்தை உண்டாக்கும் கலம்) அறையை அடையும் இடத்தில்தான் பினக்கோடேர்ம் முடிந்து கொவனோடேர்ம் ஆரம்பிக்கும். இரண்டுக்கும் இடையில் நிற்பது மீசோகைல்: கொலாஜன் நார், நுண்முள், அலைந்து திரியும் ஆக்கியோசைற்றுக் கலங்கள் எல்லாம் கலந்த களி.

வேலையைப் பொறுத்தவரை மூன்றும் ஒன்றல்ல. எக்சோ மூடும், பெரிய துணிக்கைகளை விழுங்கும், சுருங்கும். பேசோ ஒட்டுபொருளைச் சுரந்து உடலை அடித்தளத்தோடு பிடித்து வைக்கும். நன்னீர் இனங்களில் இந்த அடிக்கலங்களுக்குள் நீரை வெளியேற்றும் புன்வெற்றிடங்கள் ஏராளம். உப்புக் குறைந்த நீரில் வாழ்வதற்கு அது தேவை.

நெடுங்கேணியான்

சொல்லின் வேரைப் பார்த்தால் பாதிச் சிக்கல் அவிழும். கிரேக்கத்தில் பினாக்ஸ் என்றால் பலகை, எழுதும் தகடு. டேர்மா என்றால் தோல். சைற்று என்ற ஈறு வந்த கைட்டோஸ் என்ற சொல்லுக்கு வெறும் பாத்திரம், கொள்கலம் என்று பொருள். நாங்கள் இங்கே கலம் என்று சொல்கிறோமே, அதுவும் பாத்திரம்தான். தமிழ்நாட்டில் உயிரணு, செல் என்று எழுதுகிறார்கள். எங்கள் கலம் மூலச்சொல்லுக்கு மிக அருகில் நிற்கிறது. ஆகவே பிற்பகுதியைத் தொடத் தேவையில்லை.

முற்பகுதிக்குத் 'தகடு' என்பேன். பலகை என்றால் தடிப்பும் விறைப்பும் கண்முன் வரும். இந்தக் கலத்தின் ஓரம் ஒரு மைக்கிரோமீற்றருக்கும் குறைவாக மெலியும், வளையும், நகரும். தகட்டுக்கலம், படைக்குத் தகட்டுப்படை. 'தட்டைக்கலம்' வேண்டாம். எங்கள் கன்னத்தின் உட்புறத்தில் சுரண்டி எடுக்கும் கலமும் தட்டைதான். அது ஒரு பெயரடை. ஒரு கலவகைக்குத் தனிப்பெயராக அது நிற்காது.

இன்னொன்றையும் சேர்த்துச் சொல்கிறேன். இரணைமடுவிலோ வவுனிக்குளத்திலோ வளரக்கூடிய ஒன்றை 'நன்னீர்க் கடற்பஞ்சு' என்று எழுதுவது கண்ணை உறுத்துகிறது. கடல் எங்கே இருக்கிறது அதில்? 'நன்னீர்ப் பஞ்சுயிரி' என்று எழுதினால் போதும்.

முல்லை உயர்தரம்

ரீச்சர், இரண்டு சந்தேகம். ஒரு புத்தகத்தில் இந்தக் கலம் தட்டையாக, ஓடு பதித்த மாதிரி இருக்கிறது. இன்னொன்றில் ஆங்கில 'ரீ' எழுத்து மாதிரி இருக்கிறது. எது சரி? மற்றது, இதை மேலணி இழையம் என்று எழுதலாமா? கடற்பஞ்சுக்கு இழையம் இல்லை என்றுதான் எல்லா இடத்திலும் இருக்கிறது.

முருங்கன் ரீச்சர்

தங்கச்சி, இரண்டு படமும் சரி. பார்க்கும் திசைதான் வேறு. மேலிருந்து பார்த்தால் பலகோண ஓடுகள் பதித்த தரை. குறுக்கே வெட்டிப் பார்த்தால் சில இனங்களில் கலத்தின் கருவும் பருத்த உடலும் மீசோகைலுக்குள் அமிழ்ந்து கிடக்கும், மெல்லிய தகடு மட்டும் மேலே விரிந்திருக்கும். அதுதான் அந்த எழுத்து வடிவம். வேறு இனங்களில் கலம் முழுவதும் தட்டையாக, நடுவில் மட்டும் கரு புடைத்தபடி இருக்கும். சுருங்கும்போது தட்டையான கலமும் உருண்டு பருக்கும். படம் வரையும்போது 'மேற்பார்வை', 'குறுக்குவெட்டு' என்று கீழே எழுதிவிட்டால் குழப்பம் இல்லை.

மேலணிக் கேள்விக்கு நிதானமாகப் பதில் எழுதவேண்டும். மற்ற விலங்குகளின் மேலணிக்கு நாம் கேட்கும் அடையாளங்கள்: கலங்கள் ஒரே திசையமைவோடு வரிசையாக நிற்றல், பக்கத்துக் கலங்களோடு இறுகிய சந்திகள், கீழே அடித்தள மென்சவ்வு. பெரும்பாலான கடற்பஞ்சுகளில் மூன்றாவது இல்லை. அதனால்தான் 'இழையம் இல்லை' என்ற வசனம் புத்தகங்களில் நிலைத்தது.

ஆனால் ஓமோஸ்கிளெரோமோர்பா என்ற கூட்டத்தில் நான்காம் வகைக் கொலாஜனோடு கூடிய அடித்தள மென்சவ்வு உண்டு. பினக்கோசைற்றுகளில் சவுக்குமுளை என்னும் அசையும் இழையும் உண்டு. 2012 இல் அதைத் தனி வகுப்பாகவே முன்மொழிந்தார்கள். அடித்தள மென்சவ்வு இல்லாத நன்னீர் இனங்களிலும் 2010 இல் அளந்து பார்த்தபோது பினக்கோடேர்ம் நீரிலுள்ள சிறிய மூலக்கூறுகளைத் தடுத்து நிறுத்துவதும், படைக்குக் குறுக்கே உயர்ந்த மின்தடை இருப்பதும் தெரிந்தது. வெறும் ஓட்டுக்கூரை அப்படிச் செய்யாது. ஆகவே 'அடித்தள மென்சவ்வு பெரும்பாலும் அற்ற, ஆனால் தடுப்பு மேலணியாகத் தொழிற்படும் ஒற்றைக்கலப் படை' என்று எழுதுங்கள். நீளம்தான், ஆனால் பிழையில்லை.

கனகராயன்

புறப்படை என்பதை ஏன் விடவேண்டும் என்பதற்கும் இரண்டு வரி தாருங்கள் ரீச்சர். பழைய குறிப்புகளில் அது ஆழமாக ஊன்றியிருக்கிறது.

முருங்கன் ரீச்சர்

ஜேர்மன் விலங்கியலாளர் எக்கல் 1872 இல் சுண்ணக் கடற்பஞ்சுகளைப் பற்றி எழுதியபோது வெளிப்படையையும் உட்படையையும் மற்ற விலங்குகளின் முளையப் படைகளோடு பொருத்தினார். அங்கிருந்து வந்த பழக்கம் அது. ஆனால் பல இனங்களில் நீந்தும் குடம்பியின் வெளியே இருக்கும் சவுக்குமுளைக் கலங்கள், குடம்பி ஒட்டி உருமாறும்போது உள்ளே போய்க் கொவனோசைற்றுகளாகின்றன. வெளியே இருந்தது உள்ளே போகிறது. வளர்ந்த பஞ்சிலும் கலங்கள் தம் வகையை மாற்றிக்கொள்ளும். நிலையான முளையப் படையின் வாரிசு என்று பினக்கோடேர்மைச் சொல்ல இடமில்லை. மீசோகிளியா, மீசன்கைம் என்ற பழைய சொற்களுக்குப் பதிலாக மீசோகைல் வந்ததும் இதே காரணத்தால்தான்.

துருசடி

கண்ணால் காட்டும் வழிக்கு வருகிறேன். கடலுக்குப் போகத் தேவையில்லை, குளம் போதும்.

நன்னீர்ப் பஞ்சுயிரிகள் நீர் வற்றும் காலத்தைக் கடக்க ஜெமியூல் என்னும் உறக்க உருண்டைகளை உண்டாக்கும். ஒவ்வொன்றும் ஏறத்தாழ அரை மில்லிமீற்றர், குரக்கனிலும் சிறியது, மஞ்சள் அல்லது மண்ணிறம். ஆவணி, புரட்டாதியில் குளம் ஆக வற்றியிருக்கும்போது பட்டமரங்களின் அடியிலும், மருதவேரிலும், துருசுக் கட்டின் கல் இடுக்கிலும் தேடுங்கள். காய்ந்த தேனடைத் துண்டு மாதிரிச் சொரசொரப்பான பொருக்கு ஒட்டியிருக்கும். கையுறை போடுங்கள். அது முழுக்கக் கண்ணாடி முள். கண்ணில் பட்டால் புண்ணாக்கும். முதலை உள்ள குளத்தில் தண்ணீருக்குள் இறங்கவே வேண்டாம், வற்றிய கரையில் கிடைப்பது போதும். மாரி தொடங்கி வான் பாயத் தொடங்கினால் அந்த வருடத் தேடல் முடிந்தது.

காய்ந்த பொருக்கைக் காய்ந்தபடியே கடதாசியில் சுற்றி நிழலில் வையுங்கள். ஈரமாக எடுத்தால் குளத்து நீரோடு குளிர்சாதனப் பெட்டியில், 4 பாகையளவில். அரைகுறை ஈரத்தில் பொலித்தீன் பையில் கட்டினால் பூஞ்சணம் பிடித்து இரண்டு நாளில் எல்லாம் போகும்.

வேலைக்கு எடுக்கும்போது பொருக்கை ஈரத்துணிக்கு இடையில் மெதுவாகத் தேய்த்தால் உருண்டைகள் கழன்று வரும். காய்ச்சி வடித்த நீரில் பல தரம் அலசுங்கள். பிறகு 1 சதவீத ஐதரசன் பேரொட்சைட்டில் 5 நிமிடம். பாமசியில் கிடைப்பது 6 சதவீதமானால் ஒரு பங்குக்கு ஐந்து பங்கு நீர், 3 சதவீதமானால் ஒரு பங்குக்கு இரண்டு பங்கு நீர். போத்தில் திறந்து பல மாதமானால் வலு குறைந்திருக்கும், புதிதாக வாங்குங்கள். ஐந்து நிமிடம் ஆனதும் மூன்று தரம் கழுவுங்கள்.

வளர்ப்பு நீர் 1 லீற்றருக்கு: கல்சியம் குளோரைட்டு இருநீரேற்று 147 மில்லிகிராம், மகனீசியம் சல்பேற்று எழுநீரேற்று 123, சோடியம் இருகாபனேற்று 42, பொற்றாசியம் குளோரைட்டு 3.7. கடைசியைப் பாடசாலைத் தராசில் நிறுக்க முடியாது. 0.37 கிராமை 100 மில்லிலீற்றரில் கரைத்து, அதில் 1 மில்லிலீற்றர் எடுங்கள். நீரற்ற கல்சியம் குளோரைட்டு இருந்தால் 111 மில்லிகிராம் போதும். ஆனால் திறந்த போத்திலில் அது ஈரம் உறிஞ்சிக் கட்டியாகும், நிறை பிழைக்கும். முள்ளும் வளரவேண்டுமானால் சோடியம் சிலிக்கேற்று ஒன்பதுநீரேற்று 71 மில்லிகிராம் தனியாகக் கரைத்துச் சேர்த்து, காரத்தன்மையைப் பீஎச் 7 அளவுக்குக் கொண்டுவாருங்கள். மேற்பரப்புக் கலம் மட்டும் பார்க்கவென்றால் சிலிக்கேற்றை விட்டுவிடலாம். முள் குறைந்தால் பார்வை இன்னும் தெளிவு.

குளோரீன் போட்ட குழாய் நீர் கொல்லும். கிணற்று நீரில் உப்பும் கல்சியமும் எங்கள் பக்கம் இடத்துக்கிடம் மாறும், அதை நம்பிச் செய்தால் ஒரு தரம் வரும், மறுதரம் வராது.

முல்லை உயர்தரம்

துருசடி அண்ணை, எத்தனை உருண்டை போடுவது, எத்தனை நாள் பார்த்திருப்பது? சூட்டில் தாங்குமா?

துருசடி

22 மில்லிமீற்றர் மூடித்துண்டு ஒன்றைப் பெத்திரிக் கிண்ணத்தின் அடியில் வைத்து, அதன்மேல் ஒன்று, கூடினால் இரண்டு. நெருக்கமாகப் போட்டால் பொரித்தபின் ஒன்றோடொன்று சேர்ந்து தடித்த கட்டியாகும், கலம் எதுவும் தெரியாது. வெளிச்சம் படாத இடத்தில் வையுங்கள், பாசி வராது. முதல் இரண்டு நாள் கிண்ணத்தை அசைக்கவே கூடாது. வெளியே வரும் கலங்கள் கண்ணாடியில் பிடிக்கும் நேரம் அது. அசைத்தால் மிதந்து சுருண்டு சாகும்.

வெப்பம் 20 முதல் 25 பாகை நல்லது. கிளிநொச்சியில் மத்தியான வகுப்பறை அதற்கு மேலே போகும். அகன்ற மண்சட்டியில் ஈரமணல் பரப்பி, அதன்மேல் கிண்ணத்தை வைத்து, ஈரச்சாக்கால் மூடினால் இறங்கும். இரண்டு மூன்று நாளில் உருண்டையின் சிறுதுளை வழியே வெண்மையான விளிம்பு பரவும். ஐந்து முதல் ஏழு நாளில் கால்வாயும் கொவனோசைற்று அறைகளும் நீர் வெளியேறும் குழாய் போன்ற ஒஸ்குலமும் வரும். இந்தக் காலத்துக்குத் தீனி வேண்டாம், உருண்டைக்குள் இருந்த சேமிப்பே போதும். மூன்றாம் நாளிலிருந்து நீரை நாளுக்கொரு தரம் குழாயியால் மெதுவாக மாற்றுங்கள். குறிப்பு ஒன்று: இந்த அளவுகளும் நாட்களும் குளிர்நாட்டு இனங்களை வைத்து எழுதப்பட்டவை. குளத்தில் எடுப்பது முந்தியோ பிந்தியோ பொரிக்கலாம், பத்து நாள் பொறுங்கள்.

இனி நுணுக்குக்காட்டி. இங்கேதான் அதிகமான பிழை நடக்கிறது. மூடித்துண்டைக் கவனமாகத் தூக்கி, பஞ்சுயிரி கீழே தொங்கும்படி கவிழ்த்து, நான்கு மூலையிலும் வாஸ்லின் பொட்டு வைத்த வழுக்கியில் நீரோடு வையுங்கள். பொட்டு தாழ்ந்தால் நசியும். இப்போது மேலிருந்து பார்க்கிறீர்கள். கண்ணாடிக்கு நேரே ஒட்டியிருப்பது எது? அடிப்பக்கம். ஆகவே முதலில் குவியும் ஓட்டுத்தரை எக்சோ அல்ல, பேசோபினக்கோடேர்ம். பிள்ளைகள் அதற்கு 'வெளிப்படை' என்று பெயர் குறித்துவிட்டுப் போவார்கள்.

எக்சோவைப் பார்க்க விளிம்புக்குப் போங்கள். ஓரத்தில் உடல் கூடாரச் சீலை மாதிரி விரிந்திருக்கும், அங்கே முள்ளில்லாத மெல்லிய பகுதியில் 40 மடங்கு பொருளருகு வில்லையில் கலங்கள் தெரியும். ஒளித்துவாரத்தை நன்றாகச் சுருக்குங்கள், இல்லாவிட்டால் எல்லாம் வெறும் வெளிச்சம். அந்தச் சீலை ஒரு படை அல்ல, மூன்று: வெளியே எக்சோ, நடுவே மெல்லிய மீசோகைல், உள்ளே எண்டோ. நுண்திருகியை மிக மெதுவாகச் சுற்றினால் இரண்டு தரம் கரு வரிசை குவியும். ஒன்று வெளிப்படையினது, மற்றது உட்படையினது.

மன்னார்க்கரை

கடல் பக்கத்தையும் சேர்க்கிறேன், ஏனென்றால் எல்லாக் கடற்பஞ்சுக்கும் பினக்கோசைற்று உண்டு என்று தாளில் எழுதிவிடக் கூடாது. ஆழ்கடலில் வாழும் கண்ணாடிப் பஞ்சுகளில் (எக்சக்டினெலிடா) தனித்தனிப் பினக்கோசைற்று இல்லை. உடல் முழுவதும் கல எல்லையில்லாத வலை போன்ற பொதுமைக்குழியம். மேற்பரப்பும் அதன் நீட்சிதான். 'எக்சக்டினெலிடா தவிர்ந்த' என்ற ஒரு சொற்றொடர் வரையறைக்குள் இருக்கவேண்டும்.

மன்னார்க் குடாவின் கடற்பஞ்சுகளுக்கு நல்ல பழைய ஆதாரம் உண்டு. முத்துச்சிப்பிப் பார்களை ஆராய வந்த விலங்கியலாளர் ஹேர்ட்மன் 1902 இல் சேகரித்தவற்றை ஆர்தர் டெண்டி ஆராய்ந்து 1905 இல் அறிக்கை வெளியிட்டார். சிப்பி ஓட்டைத் துளைத்து வாழும் கிளையோனா இனங்கள் அந்தப் பார்களுக்குத் தீங்கானவை. ஓட்டில் சிறு வட்டத் துளைகள் தெரிந்தால் அதன் வேலை என்று பாருங்கள். அங்கே சுண்ணாம்பை அரித்துச் சில்லு சில்லாகப் பெயர்ப்பது அதற்கென்று சிறப்படைந்த கலங்கள். அதைப் பினக்கோசைற்றின் வேலையாக எழுதவேண்டாம்.

குளிக்கப் பயன்படும் இயற்கைப் பஞ்சை வகுப்புக்குக் கொண்டுவந்து வெளிப்படையைக் காட்ட முயல்வதும் உண்டு. அதில் கலமே இல்லை. அழுகவிட்டுக் கழுவியபின் மிஞ்சிய ஸ்பொஞ்சின் என்ற புரதத்தாலான நார்க்கூடு அது. பீர்க்கங்கூடோ விலங்கே அல்ல.

கனகராயன்

எல்லாவற்றையும் வைத்து ஒரு வரைவு. பிழை பிடியுங்கள்.

தகட்டுக்கலம் (பினக்கோசைற்று): எக்சக்டினெலிடா தவிர்ந்த கடற்பஞ்சுகளில் உடலின் வெளிப்பரப்பு, அடிப்பரப்பு, கால்வாய்ச் சுவர் ஆகியவற்றை மூடும் ஒற்றைப்படைக் கலம். புறத்தகட்டுக்கலம், அகத்தகட்டுக்கலம், அடித்தகட்டுக்கலம் என மூவகை. தகட்டுப்படை: மேற்படி கலங்களாலான படை. புனற்கலம் (கொவனோசைற்று): சவுக்குமுளையும் கழுத்துப்பட்டியும் கொண்டு நீரோட்டத்தை உண்டாக்கும் கலம். துளைக்கலம் (போரோசைற்று): நீர் உள்ளே புகும் குழாய்க் கலம். ஒஸ்குலம்: நீர் வெளியேறும் பெருந்துளை.

நெடுங்கேணியான்

புனற்கலம் நல்லது. கிரேக்கக் கொவானே புனல்தான். கால்வாய்களுக்கு எங்கள் வயற்சொல்லே இருக்கிறது: வரத்து வாய்க்கால், கழிவு வாய்க்கால். குளத்துக்குக் கீழே வயல் செய்யும் வீட்டுப் பிள்ளைக்கு எது வரத்து, எது கழிவு என்று விளக்கத் தேவையில்லை. புரோசோவுக்கு 'வரத்துத் தகட்டுக்கலம்', அப்போவுக்குக் 'கழிவுத் தகட்டுக்கலம்'. ஒஸ்குலத்தை 'வாய்' என்று மொழிபெயர்க்காததற்கு நன்றி. இலத்தீனில் அது 'சிறுவாய்'தான், ஆனால் உண்ணும் வாய் என்று பிள்ளை எழுதும்.

மன்னார்க்கரை

தமிழ்ச் சொல்லோடு பினக்கோசைற்று என்ற ஒலிபெயர்ப்பும் தாள் முழுவதும் கூடவே வரவேண்டும், முதல் தடவை மட்டும் போதாது. பல்கலைக்கழகத்துக்குப் போகும் பிள்ளை அங்கே அந்தச் சொல்லைத்தான் கேட்கும். இதில் நெடுங்கேணியானோடு எனக்கு உடன்பாடில்லை, தமிழ்ச்சொல் மட்டும் நிற்கும் தாள் எங்கள் பிள்ளைகளைத் தடுமாறவைக்கும்.

நெடுங்கேணியான்

கூடவே வரட்டும், எதிர்ப்பில்லை. ஆனால் தலைச்சொல் தமிழாக இருக்கவேண்டும், அகரவரிசை அதன்படி போகவேண்டும்.

முருங்கன் ரீச்சர்

ஒரு திருத்தம். 'துளைக்கலம்: நீர் உள்ளே புகும் குழாய்க் கலம்' என்பது எளிய அஸ்கன் வகைச் சுண்ணப் பஞ்சுகளுக்கு முழுதும் பொருந்தும். அங்கே ஒரு கலமே குழாயாகி வெளியையும் உட்குழியையும் இணைக்கும். பெரும்பாலான கடற்பஞ்சுகள் அடங்கும் வகுப்பான டெமோஸ்பொஞ்சுகள் எல்லாவற்றுக்கும் அந்த நீண்ட குழாயை வரையக் கூடாது. நுண்துளை புறத்தகட்டுக்கலங்களுக்கு நடுவிலோ ஒரு மெல்லிய கலத்தின் ஊடாகவோ திறக்கும். அது திறக்கவும் மூடவும் கூடும். 'சில கடற்பஞ்சுகளில்' என்று தொடங்கி எழுதுங்கள்.

அடித்தகட்டுக்கலத்துக்கு 'ஒட்டுபொருள் சுரக்கும்' என்பதையும் சேருங்கள். மூவகையையும் இடத்தால் மட்டும் பிரித்தால் பிள்ளை ஒன்றுக்கு மூன்று பெயர் என்று நினைத்துவிடும்.

முல்லை உயர்தரம்

சுருங்குவதையும் பார்க்கலாமா? தசை இல்லாமல் எப்படி என்று கேள்வி வருகிறது.

துருசடி

பார்க்கலாம் தங்கச்சி. இதற்குக் கவிழ்க்காமல் கிண்ணத்திலேயே வைத்து, குறைந்த உருப்பெருக்கத்தில் பாருங்கள். ஒஸ்குலம் நன்றாக நிமிர்ந்து நிற்கும் ஏழாம் எட்டாம் நாளில், மிக ஐதாக்கிய கறுப்பு மையில் ஒரு துளியைப் பக்கத்தில் விடுங்கள். முதலில் மை உள்ளே இழுபட்டு ஒஸ்குலத்தால் வெளியே வரும், அதுவே நீரோட்டத்துக்குச் சாட்சி. மை கூடினால் கழிவு வாய்க்கால்கள் மெதுவாக ஊதிப் பெருத்து, பிறகு உடல் முழுவதும் சுருங்கி, அடைபட்டதைத் தள்ளும். பல பத்து நிமிடம் எடுக்கும். கண் வெட்டாமல் பார்த்தால் ஒன்றும் நடக்காத மாதிரி இருக்கும். தொலைபேசியைக் கண்வில்லையில் பொருத்தி 30 செக்கனுக்கு ஒரு படம் எடுத்து ஓட்டிப் பாருங்கள்.

தசைக்கலம் இல்லை, உண்மை. தகட்டுக்கலங்களுக்குள் இருக்கும் அக்ரின் என்ற புரத இழைகளே இழுக்கின்றன. திதியா வில்கெல்மா என்ற கடல் இனத்தில் 2011 இல் அளந்து பார்த்தபோதும் சுருக்கத்தைச் செய்வது தகட்டுப்படைதான் என்று கண்டார்கள். பார்த்து முடிந்ததும் நீரை மாற்றிவிடுங்கள். அடுத்த வகுப்புக்கும் அதே பஞ்சுயிரி வேண்டும்.

கனகராயன்

துளைக்கல வரியையும் அடித்தகட்டுக்கல வரியையும் திருத்தியாயிற்று. வரத்து, கழிவு இரண்டும் உள்ளே. தலைச்சொல் தமிழ், பக்கத்தில் ஒலிபெயர்ப்பு ஒவ்வொரு பக்கத்திலும். படம் இரண்டு போடுகிறேன்: மேற்பார்வை ஒன்று, குறுக்குவெட்டு ஒன்று. குறுக்குவெட்டில் கூடாரச் சீலையின் மூன்று படையும் தனித்தனியாகக் குறிக்கப்படும். அடுத்த புரட்டாதிக்கு முன் வளர்ப்பு நீர்க் கலவை அளவுகளையும் தாளின் பின்பக்கத்தில் அச்சிட வேண்டும். துருசடி, 3.7 மில்லிகிராமுக்கான அந்தக் கரைசல் வழியை அப்படியே எடுக்கிறேன்.